நடுங்காத ஆடு: தெல்பியில் ஒரு குறிசொல்லியின் மரணம்

வெளியூரிலிருந்து ஒரு தூதுக்குழு குறி கேட்க வந்திருந்தது. பலிக்கு நிறுத்திய ஆட்டின்மேல் குளிர்ந்த நீரைத் தெளித்தார்கள். ஆடு அசையவில்லை. மறுபடியும் தெளித்தார்கள், மரம்போல் நின்றது. பூசாரிகள் விடுவதாயில்லை. ஊற்றிக்கொண்டே இருந்தார்கள். தொப்பலாக நனைந்து வெள்ளத்தில் அகப்பட்டதுபோல் ஆன பிறகுதான் அது ஒருவழியாக நடுங்கியது. போதும், உத்தரவு கிடைத்துவிட்டது என்று குறிசொல்லும் பெண்ணைக் கோயிலின் உள்ளறைக்கு அனுப்பினார்கள். அவளுக்கு இறங்க மனமே இல்லை. இறங்கினாள்.

முதல் ஓரிரு பதில்களிலேயே குரல் கரகரத்துப்போனது. பேச்சு சரியாக வரவில்லை என்பது வெளியே நின்றவர்களுக்கே தெரிந்தது. புயலில் திணறும் கப்பலைப்போல அவள் தத்தளித்தாள், ஊமையான கெட்ட ஆவி ஒன்று அவளை நிறைத்திருந்தது என்கிறது பதிவு. கடைசியில் நிலைதடுமாறி, கேட்டவர் குலைநடுங்க அலறிக்கொண்டு வாசலை நோக்கி ஓடிவந்து தரையில் விழுந்தாள். தூதுக்குழு ஓடியது. கோயிலின் வாக்குரைப்பாளர் நிக்காண்டரும் ஓடினார். உடனிருந்த, ‘புனிதர்கள்’ என்று அழைக்கப்பட்ட கோயில் பணியாளர்களும் ஓடினார்கள். சற்று நேரம் கழித்துத் திரும்பிவந்து அவளைத் தூக்கினார்கள். அப்போது நினைவு இருந்தது. சில நாட்களே உயிரோடிருந்தாள்.

கிரேக்க நாட்டில் பர்னாசஸ் மலைச்சரிவில் இருக்கும் தெல்பியில், கி.பி. முதல் நூற்றாண்டில் நடந்தது இது. எழுதிவைத்தவர் புளூட்டார்க். பக்கத்துக் கைரோனியா ஊர்க்காரர், அதே கோயிலில் பல ஆண்டு பூசாரியாக இருந்தவர். குறித்தலங்கள் ஏன் ஓய்ந்துபோயின என்று சிலர் கூடி விவாதிப்பதாக அவர் எழுதிய உரையாடலின் கடைசிப் பகுதியில், அவருடைய அண்ணன் தம்பிகளில் ஒருவரான லாம்ப்ரியாஸ் இதைச் சொல்கிறார். உரையாடல் நடப்பதாகக் காட்டப்படும் காலம் ஏறக்குறைய கி.பி. 83. இறந்தவளை ‘அண்மையில் இறந்த பித்தியா’ என்றே குறிக்கிறார்கள். பித்தியா என்பது பதவிப் பெயர். அவள் பெயர் என்னவென்று எழுதவில்லை. தூதுக்குழு எந்த ஊர், என்ன கேட்க வந்தது என்பதும் இல்லை. பெயரோடு நிற்பவர் நிக்காண்டர் ஒருவர்தான்.

சாட்சியத்தை எவ்வளவு நம்பலாம்? எனக்கு இது கணிசமான எடை உள்ளதாகவே படுகிறது. நேரில் நின்ற ஆளின் பெயர் இருக்கிறது, அவர் புளூட்டார்க்குக்குத் தெரிந்தவர், சொல்லப்படும் விஷயம் கோயிலுக்குப் பெருமை சேர்ப்பதில்லை. பூசாரிகளே பயந்து ஓடினார்கள் என்று ஒரு பூசாரி கட்டிச்சொல்ல வேண்டிய அவசியம் என்ன? ஒரே ஒரு சந்தேகத்தைக் குறித்துக்கொள்ள வேண்டும். இதற்கு ஓரிரு பத்தாண்டுகள் முன்பே ரோமக் கவிஞர் லூக்கன், மனமில்லாத பித்தியா ஒருத்தியை ரோமப் பிரபு ஒருவர் வற்புறுத்திக் குறி சொல்லவைத்து அவள் சரிந்து விழுவதாகப் பாடியிருக்கிறார். அந்தக் கதையின் சாயல் இதில் கொஞ்சம் ஏறியிருக்கலாம். ஆனால் நனைந்த ஆடு கவிதையிலிருந்து வந்ததல்ல. அது கோயில் நடைமுறை தெரிந்தவன் மட்டுமே சொல்லக்கூடிய விவரம்.

வழக்கமான நாள்

இந்த மரணம் எவ்வளவு விலகலானது என்று புரிய, சாதாரண நாளில் என்ன நடந்தது என்று பார்க்க வேண்டும். தெல்பியைப் பற்றி நம் மனத்தில் பதிந்திருக்கும் படம், தலைவிரி கோலமாக வாயில் நுரைதள்ளி உளறும் பெண். பெரும்பாலும் பின்னால் வந்தவர்கள் தீட்டிய படம் அது. பெர்லினில் இருக்கும் ஒரு மதுக்கிண்ணம் கி.மு. ஐந்தாம் நூற்றாண்டைச் சேர்ந்தது. அதில் தீட்டிய காட்சியில், தெல்பி முக்காலியில் உட்கார்ந்திருக்கும் பெண் தெய்வம் தெமிஸ் முன் ஒரு மன்னன் நிற்கிறான். அவள் ஒரு கையில் லாரல் கிளை, மறு கையில் ஒரு தட்டுக் கிண்ணம். குனிந்து அதைப் பார்த்தபடி அமைதியாக இருக்கிறாள். ஆட்டமில்லை, அலறலில்லை. முக்காலியை விட்டு எழுந்தபின் பித்தியா சாந்தமாகவே இருப்பாள் என்று புளூட்டார்க்கும் வேறோரிடத்தில் சொல்கிறார். ஆகவே அன்று நடந்த அலறலை ‘அருள் வந்தால் அப்படித்தான்’ என்று தள்ளிவிட முடியாது. பழகிய பூசாரிகளே ஓட்டம்பிடித்தார்கள் என்றால் அவர்கள் அதற்குமுன் அப்படி ஒன்றைப் பார்த்ததில்லை.

குறி கேட்கும் நாள் முன்பு ஆண்டுக்கு ஒன்றாக இருந்து பிறகு மாதம் ஒன்றாக ஆனது. குளிர்காலத்தில் மூன்று மாதம் தெல்பி மதுத் தெய்வம் டயோனிசஸுக்கு உரியது. அந்த நாட்களில் கோயிலின் தெய்வமான அப்போலோவுக்கான பாட்டுகூட அங்கே ஒலிக்காது. குறி கேட்க வருபவர் முதலில் பெலனோஸ் என்ற காணிக்கை கட்ட வேண்டும். பெயரளவில் அது படையல் பண்டம், நடைமுறையில் காசு. பிறகு ஆடு. பித்தியா லாரல் இலையும் வாற்கோதுமை மாவும் நெருப்பிலிட்டுப் புகையவைத்துவிட்டு உள்ளறையில் இறங்கி முக்காலியில் உட்காருவாள். கேட்க வந்தவர்கள் காத்திருக்கும் இடத்தில் சிலசமயம் உயர்ந்த வாசனைத் தைலத்தைப்போல ஒரு நறுமணம் பரவுமாம். அடிக்கடி அல்ல, ஒழுங்காகவும் அல்ல, எப்போதாவது.

அவள் யார்? புளூட்டார்க் காலத்தில் இருந்த ஒரு பித்தியா ஏழை உழவர் வீட்டுப் பெண். ஒழுங்காக வளர்ந்தவள், எந்தக் கலையும் பயிற்சியும் இல்லாமல் கோயிலுக்கு வந்தவள் என்று அவரே எழுதுகிறார். இறந்தவளும் அவளும் ஒருவரா என்று தெரியாது. எப்படியும் பூசாரிகளோடு எதிர்த்துப் பேசி ‘இன்றைக்கு நான் இறங்கமாட்டேன்’ என்று சொல்லக்கூடிய நிலையில் இருந்தவர்கள் அல்ல இந்தப் பெண்கள்.

ஆடு எதற்கு

நம் ஊரில் கிடாவெட்டு பார்த்தவர்களுக்கு இந்தச் சடங்கை விளக்க வேண்டியதில்லை. மஞ்சள்தண்ணீர் தெளிப்பார்கள், ஆடு உடம்பைச் சிலிர்த்துத் துலுக்கினால் சாமி உத்தரவு. துலுக்காவிட்டால் காத்திருப்பார்கள், என்ன குறை வைத்தோம் என்று சாமியைக் கேட்பார்கள், காதில் இரண்டு சொட்டு விடுவார்கள். இரண்டுக்கும் வரலாற்றுத் தொடர்பு உண்டென்று நான் சொல்லவரவில்லை. ஆனால் ஒரு வித்தியாசம் முக்கியம். இங்கே கூடுதலாக இரண்டு செம்பு ஊற்றினால் போவது ஆட்டின் உயிர், எப்படியும் போகவிருந்தது. தெல்பியில் ஆடு துலுக்குவது அடுத்து ஒரு பெண்ணை உள்ளே அனுப்பலாமா என்பதற்கான அனுமதி.

அந்த அனுமதியின் அளவுகோலும் கறாரானது. மற்றக் கோயில்களில் பலி மிருகம் தலையை அசைத்தால் போதும். இங்கே உடம்பின் எல்லா உறுப்பும் சேர்ந்து நடுங்கித் துடிக்க வேண்டும். அது நடக்காவிட்டால் இன்று குறி இல்லை என்று சொல்லிவிடுவார்கள்; பித்தியாவை உள்ளே கொண்டுபோகவே மாட்டார்கள். மிருகம் நல்ல நிலையில் இருக்கிறதா என்று பார்க்கும் சோதனை இது என்பது புளூட்டார்க்கின் விளக்கம். காளைக்கு மாவும் பன்றிக்குக் கொண்டைக்கடலையும் வைத்துப் பார்ப்பார்கள், தின்னாவிட்டால் நலமில்லை. ஆட்டுக்குக் குளிர்ந்த நீர். சில்லென்ற தண்ணீர் பட்டும் சும்மா நிற்கும் ஆட்டில் ஏதோ கோளாறு.

ஆடு இந்தக் கோயிலின் ஆதிக்கதையிலும் வருகிறது. கி.மு. முதல் நூற்றாண்டில் வரலாற்றாசிரியர் டயோடரஸ் எழுதியபடி, குறி பிறந்த நிலப்பிளவைக் கண்டுபிடித்ததே ஆடுகள்தான். நிலத்திலிருந்த வெடிப்பருகே போன ஆடுகள் விநோதமாகத் துள்ளிக் கத்தின. பார்க்கப்போன இடையனுக்கும் அருள் வந்து வருங்காலம் சொன்னான். செய்தி பரவி ஊரே அங்கே மொய்த்தது. ஆனால் அருள் ஏறிய பலர் பிளவுக்குள் பாய்ந்து காணாமல் போனார்கள். அதனால் எல்லோருக்குமாக ஒரே ஒரு பெண்ணை நியமித்து, அவள் விழாமல் உட்கார ஒரு முக்காலி செய்து கொடுத்தார்களாம். கதைதான். ஆனாலும் கிரேக்கர்களே தங்கள் புனித முக்காலியை விபத்துக்குப் பிறகு வந்த பாதுகாப்புச் சாதனமாக நினைவுவைத்திருந்தார்கள் என்பது கவனிக்கத்தக்கது. வயது விதியும் அப்படி வந்ததே. முதலில் இளங்கன்னியர் இருந்தார்கள். தெசலிக்காரன் எகெக்ராத்தஸ் ஒருத்தியைக் கடத்திக் கெடுத்தான். அதன்பின் ஐம்பது வயது கடந்தவளே இருக்க வேண்டும், உடை மட்டும் கன்னிப்பெண்ணுடையது என்று சட்டம் போட்டார்கள். இந்த விதி பிற்காலத்திலும் அப்படியே இருந்ததென்றால் நம் வழக்கில் இறந்தவள் இளம்பெண் அல்ல.

கொன்றது எது

வாயு என்பதே எல்லோருக்கும் முதலில் தோன்றும் பதில். நிலத்திலிருந்து எழும் ஆவி பித்தியாவை ஆட்கொண்டது என்பதே பழைய நம்பிக்கை. புளூட்டார்க்கின் கொள்கையும் அதுவே. 1892இல் தொடங்கிய பிரெஞ்சு அகழாய்வு கோயிலடியில் பெரிய பிளவு எதையும் காணவில்லை. அதனால் இருபதாம் நூற்றாண்டின் பெரும்பகுதியும் வாயுக்கதையைக் கட்டுக்கதை என்று ஒதுக்கிவைத்தார்கள். 2001இல் டி போயர், ஹேல், சான்டன் ஆகிய மூவர் குழு அதைத் திரும்ப எழுப்பியது. இரண்டு நிலப்பிளவுக் கோடுகள் கோயிலருகே வெட்டிக்கொள்கின்றன, அடியில் இருப்பது எண்ணெய்ப்பசை கலந்த சுண்ணாம்புப் பாறை, மேலேயுள்ள கெர்னா ஊற்று நீரில் மீத்தேன், ஈத்தேன், துளி எத்திலீன் இருக்கின்றன என்று காட்டினார்கள். எத்திலீனுக்கு இனிப்பு வாடை உண்டு. 1923இல் சிகாகோவில் அதை மயக்க மருந்தாகவே பயன்படுத்தத் தொடங்கினார்கள். புளூட்டார்க்கின் நறுமணத்தோடு இது அழகாகப் பொருந்தியது. பொருத்தம் ரொம்ப அழகாக இருந்தாலே எனக்குக் கொஞ்சம் உறுத்தும்.

2006இல் எதியோப்பே தலைமையிலான குழு மறுபடி அளந்தது. இந்தப் பாறையிலிருந்து போதையூட்டும் அளவுக்கு எத்திலீன் வருவது கடினம். மீத்தேனும் கரியமில வாயுவும் தேங்கிக் காற்றில் ஆக்சிஜன் குறைந்திருக்கலாம் என்றது. எத்திலீனுக்கு எதிராக இன்னொரு எளிய தடையும் இருக்கிறது. காற்றில் அது 2.7 சதவீதத்தைத் தொட்டாலே பற்றிக்கொள்ளும். மயக்கம் தர அதைவிடப் பலமடங்கு வேண்டும். கோயிலுக்குள் அணையா நெருப்பு எரிந்தது. பித்தியாவே இலை புகைத்துவிட்டுத்தான் இறங்கினாள்.

அன்றைய சம்பவத்துக்கு வருவோம். வாயு தேங்கிய குழியில் விபத்து என்றால் ஒரு அடையாளம் உண்டு. கழிவுநீர்த் தொட்டியிலோ பாழுங்கிணற்றிலோ ஒருவர் விழுந்தால், தூக்கப்போன இரண்டாமவரும் மூன்றாமவரும் சேர்ந்தே விழுவார்கள். தெல்பியில் பலர் சற்று நேரத்தில் திரும்பிவந்து அவளைத் தூக்கியிருக்கிறார்கள். ஒருவருக்கும் எதுவும் ஆகவில்லை. அவள் வாசல்வரை வந்துதான் விழுந்தாள் என்பதால் இது முழுச்சான்று ஆகாது. உள்ளறையின் அடியில் காற்று கெட்டிருக்கவும் கூடும். இருந்தாலும் எத்திலீன் மூச்சோடு சில நிமிடங்களில் வெளியேறிவிடும். ஆக்சிஜன் குறைவால் மூளை சாகுமளவு அடிபட்டிருந்தால் தூக்கும்போது அவளுக்கு நினைவு இருந்திருக்காது. வாயு அவளைக் குழப்பியிருக்கலாம். நினைவோடு எழுந்தவள் சில நாள் கழித்து இறந்ததை வாயுவை மட்டும் வைத்து விளக்க என்னால் முடியவில்லை.

அடுத்தது இலை. அவள் புகைத்த லாரலை உண்மையில் அரளி என்று கொள்ளும் ஒரு கருத்து உண்டு. அரளி எப்படிக் கொல்லும் என்று தமிழ் வாசகர்களுக்குச் சொல்லத் தேவையில்லை. இதயத்துடிப்பைக் குலைக்கும், சாவு உடனே வராமலும் போகலாம். நாள்கணக்கு இதற்குப் பொருந்துகிறது. ஆனால் அரளி உள்ளே போனால் முதலில் வாந்தி. பதிவில் வாந்தி இல்லை. தவிர, வழக்கமாக எல்லா நாளும் புகைத்த அதே இலை அன்று மட்டும் ஏன் கொன்றது?

மீதி இரண்டு. ஒன்று, விழுந்த அடி. ஐம்பது கடந்த பெண் வெறியோடு ஓடிவந்து கல்தரையில் தன்னைத்தானே வீசிக்கொள்கிறாள். தலைக்குள் ரத்தக்கசிவு, இடுப்பெலும்பு முறிவு, வயிற்றுக்குள் காயம் எதுவானாலும் நினைவோடு இருந்து சில நாளில் போவது அந்தக் கால மருத்துவத்தில் அதிசயமே அல்ல. இரண்டாவது, பயம். 1990இல் ஜப்பானிய மருத்துவர்கள் பெயர்சூட்டிய டகோட்சுபோ என்ற இதயநோய் இருக்கிறது. கடும் அதிர்ச்சிக்குப் பிறகு இதயத்தின் கீழ்ப்பகுதி பலூன்போல் உப்பிச் செயலிழக்கும். பெரும்பாலும் மாதவிடாய் நின்ற பெண்களுக்கு வருவது. பெரும்பாலோர் தேறிவிடுவார்கள், சிலர் நாட்களில் இறப்பதும் உண்டு. என் கணிப்பு விழுந்த அடிதான், பயம் அதற்குத் துணை. உடலே இல்லாத வழக்கில் இதற்குமேல் அடித்துச் சொல்வது வெறும் வாய்ச்சவடால்.

ஏன் நிறுத்தவில்லை

எனக்கு இந்த வழக்கின் கனம் மருத்துவக் காரணத்தில் இல்லை, தண்ணீர்க் குடத்தில் இருக்கிறது. நிறுத்துவதற்கென்றே ஒரு சோதனை வைத்திருந்தார்கள். அது சரியாகவே வேலை செய்து, நிறுத்து என்று சொன்னது. சொன்னது பிடிக்காததால் பிடித்த பதில் வரும்வரை ஊற்றினார்கள். குடம்குடமாகக் குளிர்ந்த நீர் விழுந்தால் எந்த ஆடும் கடைசியில் நடுங்கத்தான் செய்யும். அந்த நடுக்கம் எதையும் சோதிக்கவில்லை. எத்தனை தடவை தெளிக்கலாம் என்று ஒரு வரம்பு இருந்ததாக எங்கும் எழுதப்படவில்லை. வரம்பை முடிவுசெய்தவர்கள், குறி நடந்தாக வேண்டும் என்று விரும்பிய அதே பூசாரிகள். அளவுமீறிய ஆர்வத்தோடு நின்றார்கள் என்று புளூட்டார்க் மழுப்பாமல் எழுதியிருக்கிறார். தன் சகாக்களைப் பற்றி ஒருவர் அவ்வளவு சொன்னதே பெரிது.

அந்த ஆர்வம் எங்கிருந்து வந்தது என்பதற்கு அதே உரையாடல் பதில் வைத்திருக்கிறது, வேறு பேச்சுக்கிடையில். ஒருகாலத்தில் கூட்டம் தாங்காமல் இரண்டு பித்தியாக்கள் மாறிமாறி இறங்கினார்கள். மூன்றாவதாக ஒருத்தி தயாராகக் காத்திருந்தாள். இப்போது ஒருத்தியே போதும் என்ற நிலை. பக்கத்துப் பியோஷியா நாட்டில் லெபதேயா ஒன்றைத் தவிர மற்றக் குறித்தலங்கள் எல்லாம் வாயடைத்துப் போயிருந்தன. ரோமப் பேரரசர் நீரோ தெல்பியிலிருந்து ஐந்நூறு வெண்கலச் சிலைகளை வாரிக்கொண்டு போனதாகக் கிரேக்கப் பயண எழுத்தாளர் பௌசானியாஸ் எழுதுகிறார். கி.பி. 84இல் பேரரசர் டொமிஷியன் தன் செலவில் கோயிலைப் பழுதுபார்த்ததைக் கல்வெட்டு சொல்கிறது. இப்படிப்பட்ட காலத்தில் வெளியூரிலிருந்து ஒரு தூதுக்குழு வந்து வாசலில் நிற்கிறது. ‘இன்று இல்லை, அடுத்த மாதம் வாருங்கள்’ என்று அனுப்பினால் அவர்கள் திரும்பி வருவார்களா? இவளுக்கு இன்று முடியவில்லை, அவள் இறங்கட்டும் என்று சொல்லவும் இரண்டாவது ஆள் இல்லை. ஆள்குறைப்பு செய்த எந்த இடத்திலும் பார்க்கக்கூடிய நிலைமை.

இன்னொரு எச்சரிக்கையும் இருந்தது, ஆட்டைவிடத் தெளிவானது. அவள் மனமில்லாமல் இறங்கினாள். அது மற்றவர்கள் கண்ணில் பட்டிருக்கிறது, பட்டதால்தானே பதிவாகியிருக்கிறது. ஆனால் கோயிலின் சோதனைமுறையில் அவள் தயக்கத்துக்கு இடமில்லை. ஆட்டின் உடம்புக்கு இருந்த வாக்கு அவள் வாய்க்கு இல்லை. முதல் பதிலிலேயே குரல் கெட்டது தெரிந்தபோதாவது நிறுத்தியிருக்கலாம். ‘முதல் பதில்கள்’ என்று பன்மையில் சொல்லியிருப்பதைப் பார்த்தால் கேள்வி தொடர்ந்திருக்கிறது.

புளூட்டார்க் எடுத்த முடிவு வேறு. நிலத்திலிருந்து எழும் ஆவியின் சக்தி எல்லோரையும் ஒரேமாதிரி பாதிப்பதில்லை, ஒரே ஆளையும் எல்லா நாளும் ஒரேமாதிரி பாதிப்பதில்லை; உடலும் உள்ளமும் பக்குவமாக இல்லாத நாளில் அது தீங்கு செய்யும் என்கிறார். அதனால்தான் பித்தியாவை வெளியார் சகவாசமில்லாமல் தூய்மையாக வைத்திருக்கிறார்கள், தனக்குத் தீங்கு நேராமல் அவள் அருளைத் தாங்குவாளா என்று முன்கூட்டியே சகுனம் பார்க்கிறார்கள் என்றும் சேர்க்கிறார். நல்ல கவனிப்பு இது. இன்றைய மருத்துவர்கூட மறுக்கமாட்டார். ஆனால் சொன்ன பாதுகாப்புகள் எல்லாம் அந்தப் பெண்ணின் வாழ்க்கைமேல் போடப்பட்டவை. குடத்தைப் பிடித்திருந்த கைக்கு ஒரு விதியும் இல்லை. நிக்காண்டரும் மற்றவர்களும் என்ன ஆனார்கள், யாராவது அவர்களைக் கேட்டார்களா என்பதற்கு ஒரு வரி கிடையாது.

இதைச் சொல்லி முடித்த கையோடு லாம்ப்ரியாஸ் பேச்சை நிறைவு செய்கிறார். இந்த ஆவிக் கொள்கைக்கு ஆட்சேபங்கள் நிறைய உண்டு, எல்லாவற்றையும் பேச இப்போது நேரமில்லை, பிறகு யோசிப்போம் என்கிறார். சூரியனும் அப்போலோவும் ஒன்றா என்று உரையாடலில் இருந்த பிலிப்பஸ் எழுப்பிய கேள்வியையும் அதோடு சேர்த்து இன்னொரு நாளைக்குத் தள்ளிவைக்கிறார்கள்.